ஜெற்றியில் இருந்த மனிசி

“ஆர் அவள்?” கலியாணமான புதிதில் மெற்றில்டா தன் கணவனைக் கேட்டாள். “குருநகர் ஜெற்றியிலை உங்களோடை இருந்து கதைச்சவள்?”

“தெரியாதப்பா. ஆரோ வயசான மனிசி. என்னைக் கண்டதும் அழுதவ. பாவமாக் கிடந்தது” என்றான் எமில்ராஜ்.

“தெரியாத மனிசியோடை அவ்வளவு நேரம் என்ன கதை?”

தூரத்தில், கோயில் மதிலோரம் நின்று, படகுத்துறையில் இருந்த அந்தப் பெண்ணின் முதுகைத்தான் அவள் கண்டிருந்தாள். பிள்ளைகள் வளர்ந்த பிறகும் அதையே கேட்டாள். அவனும் அதையே சொன்னான்.

அந்த முகத்தைப் பார்த்தே தீர்வதென்று மெற்றில்டா காலமந்திரம் படிக்கத் தொடங்கினாள். பண்டிதர்கள் சிரித்தார்கள். கடைசியில், கடந்துபோன நாளுக்குள் நுழையும் வழியை முதன்முதலில் திறந்தவள் என்று உலகமே அவளைக் கொண்டாடியது. அதற்குள் எமில்ராஜ் இறந்துவிட்டிருந்தான்.

அவள் நேரே அந்த நாளின் ஜெற்றிக்குப் போனாள். அங்கே எந்தப் பெண்ணும் இல்லை. எமில்ராஜ் மட்டும், இளைஞனாக, வலை தைத்துக்கொண்டிருந்தான். அவனைக் கண்டதும் அவளுக்கு அழுகை வந்துவிட்டது.

“ஏனம்மா அழுறியள்? இதிலை இருங்கோ.”

அவள் பக்கத்தில் இருந்தாள். அவன் தன் புது மனைவியைப் பற்றித்தான் கதைத்தான். “அவ கெட்டிக்காரி. கோவம்தான் கொஞ்சம் கூட.”

கோயில் மதிலோரம் அந்த மனைவி எரிக்கும் கண்களோடு நிற்பது மெற்றில்டாவுக்குத் திரும்பாமலே தெரிந்தது. இப்போதே எழும்பிப் போனால் வாழ்நாள் முழுக்கச் சண்டை இராது. ஆனால், சற்று நேரத்தில் அவன் அந்த இளையவளிடம்தான் போவான். மெற்றில்டாவுக்குப் பொறாமையாக இருந்தது.

“பேந்து என்ன நடந்தது? சொல்லுங்கோ” என்று இன்னும் கொஞ்சம் கிட்ட நகர்ந்து இருந்தாள்.