ஏ-க்கு மேலே ஓ

“ஏ அடுக்கு இவ்வளவு வெளுத்திருந்தா அவர் ஒரே பார்வையில கண்டுபிடிச்சிடுவார், மாஸ்டர். நல்லா கருகருன்னு இருக்கணும்.”

மாஸ்டர் கையிலிருந்த கரண்டியைக் கீழே வைத்தார். அவருடைய சர்வீஸில் இப்படி ஒரு வேலை வந்ததே இல்லை. எதிரே நின்ற டீச்சரம்மா கேட்பது நிலத்தின் குறுக்குவெட்டு. பள்ளம் தோண்டினால் பக்கவாட்டில் அடுக்கடுக்காகத் தெரியுமே, அது அப்படியே ஒரு சாண் உயரத்தில் வேண்டுமாம்.

டீச்சரம்மாவின் கணவர் மண் ஆராய்ச்சியாளர். ஆய்வுக் குழிக்குள் இறங்கும்போது சறுக்கி விழுந்து கால் எலும்பை முறித்துக்கொண்டவர். மாவுக்கட்டோடு வீட்டிலேயே முடங்கி, உர்ரென்று சுவரைப் பார்த்துக்கொண்டிருக்கிறார்.

“அவர் சிரிச்சே ரொம்ப நாளாச்சு, மாஸ்டர். நாளைக்கு எப்படியாவது சிரிக்க வைக்கணும்.”

“சிரிக்க வெச்சிடலாம், டீச்சர். ஆனா ஏ, பி, சி-ன்னு வரிசையா வர்றது புரியுது. ஏ-க்கு மேல எதுக்கு ஓ?”

“உதிர்ந்த இலை, மக்கின சருகு, அதெல்லாம் ஓ. அதுக்குக் கீழ மேல்மண், அதான் ஏ. வேர் ஓடறது அதுலதான். மழைத்தண்ணி இழுத்துட்டு வர்ற களிமண்ணும் இரும்பும் தங்கற இடம் பி. அதனாலதான் செவப்பு. அப்புறம் சி, பாதி நொறுங்கின கல்லு. அடியில ஆர், பாறை.”

“டி-யும் ஈ-யும் எங்க போச்சு?”

“ஈ உண்டு. வெளிறின அடுக்கு. எல்லா மண்ணுலயும் இருக்காது.”

“ஐயையோ, ஈ மட்டும் வேண்டாம் டீச்சர்! ஈ இருந்துதுன்னு நாலு பேர் சொன்னா என் பொழப்பு நாறிடும்!”

டீச்சரம்மா வாய்விட்டுச் சிரித்தார். மாஸ்டர் மறுபடி கரண்டியை எடுத்தார். வெளுத்த ஏ-யைத் தூக்கிப் போட்டுவிட்டு, புதிதாகக் கறுப்பாகக் குழைத்தார்.

மறுநாள் சாயங்காலம் பெட்டியை இருவருமாகத் தாங்கிப் பிடித்து வீட்டுக்குள் கொண்டுபோனார்கள். மேஜையில் வைத்துத் திறந்ததும் நாற்காலியில் இருந்தவர் நிமிர்ந்தார். மூக்குக் கண்ணாடியைத் தேடி மாட்டிக்கொண்டு, முகம் இடிக்கிற அளவுக்குக் குனிந்தார்.

“ஓ... ஏ... பி...” விரல் மெல்லக் கீழே இறங்கியது. “செவப்பு சரி. சி-யும் பரவாயில்ல. ஆனா ஏ-யும் பி-யும் சேர்ற இடம் ஸ்கேல் வெச்சுக் கோடு போட்ட மாதிரி இருக்கே! நிஜத்துல பெரும்பாலும் கொஞ்சம் கொஞ்சமாத்தான் மாறும். நாம வெச்ச எழுத்தெல்லாம் மண்ணுக்குத் தெரியவா போகுது?”

மாஸ்டரின் முகம் தொங்கிப்போனது. ராத்திரி முழுக்கக் கண் விழித்துச் செய்தது!

ஆராய்ச்சியாளர் அதைக் கவனித்ததாகத் தெரியவில்லை. பக்கத்தில் இருந்த கத்தியை எடுத்து, ஏ-யிலிருந்து ஒரு சின்ன உருண்டை பெயர்த்தார். பழக்க தோஷத்தில் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே வைத்து உருட்டிப் பார்த்தார்.

“ஈரம் சரியா இருக்கு” என்றவர், அதை வாயில் போட்டுக்கொண்டு, முகமெல்லாம் மலரச் சிரித்தார்.

“நல்லா இருக்கே!” என்று டீச்சரம்மா பாய்ந்து வந்து கத்தியைப் பிடுங்கினார். “பொறந்தநாளும் அதுவுமா, மெழுகுவத்தி ஏத்தறதுக்குள்ளயே யாராவது கேக்கை வெட்டித் தின்பாங்களா?”