அடுத்தது நானு
குத்திய சோளமும் பயறும் வெந்த மணத்தோடு மாலை வெயில் அடுக்களைக்குள் சாய்கிறது. நிறப் பிரிவினையை எதிர்த்து வழக்காடியதற்காக, ஒரு நேரத்தில் ஒருவரை மட்டுமே சந்திக்கலாம் என்று வெள்ளை அரசாங்கம் வக்கீல் நொலிதாவுக்குப் போட்ட ஐந்து வருடத் தடை இன்று காலை முடிந்துவிட்டது. பழக்கம் முடியவில்லை. விருந்துக்கு வந்த அக்கம்பக்கத்தார் கையில் தட்டோடு நடையில் வரிசையாக நிற்கிறார்கள். உள்ளே நொலிதா பரிமாற, மோங்கேசி மட்டும் ஊதி ஊதித் தின்கிறான். “சீக்கிரம் முழுங்கிட்டு வெளிய வாடா, அடுத்தது நானு!” என்று கத்துகிறாள் நொபான்ட்லா. “அடியே, அதான் தடை முடிஞ்சு போச்சே! எல்லாரும் உள்ள வாங்க!” என்று நொலிதா சிரிக்கிறாள். ஒரு கணம் விழித்தவர்கள், மொத்தமாக உள்ளே நெருக்குகிறார்கள். நொலிதாவின் முதுகு சுவரோடு ஒட்டுகிறது. அகப்பை பிடித்த கையைத் தூக்கக்கூட இடமில்லை. ‘கொஞ்சம் தள்ளி நில்லுங்க’ என்று சொல்ல வாயெடுத்தவள், அந்த நெரிசலுக்குள்ளேயே சாய்ந்துகொள்கிறாள்.