நானூற்று அறுபது நானோமீட்டர்

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் நீல வெளிச்சம். அதற்குக் கீழே அவன் மகள் கிடந்தாள்.

கண்ணை வெள்ளைத் துணியால் கட்டியிருந்தார்கள். இடுப்பில் ஒரு டயப்பர். மற்றபடி வெறும் உடம்பு.

நானூற்று அறுபது நானோமீட்டர். அந்த நீலத்தின் அலைநீளம்.

மனசு சொன்னால் கேட்கவா செய்கிறது? அதுபாட்டுக்கு வகுத்தது. ஆயிரத்து இருநூற்று நாற்பதை நானூற்று அறுபதால். இரண்டு புள்ளி ஏழு எலக்ட்ரான் வோல்ட். ஃபோட்டான் என்கிற ஓர் ஒளித்துகளின் ஆற்றல்.

பிளஸ் டூ பிள்ளைகளைத் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்லும்படி அவன் பழக்கிவைத்திருந்த சுருக்குவழி. ஊரில் பிசிக்ஸ் டியூஷன் என்றால் அவன்தான்.

போன வாரமும் இதே கணக்குதான்.

பிறந்து வீட்டுக்கு வந்த பிள்ளைக்கு மஞ்சள் காமாலை ஏறிக்கொண்டே போனது. முதலில் முகம். அப்புறம் வயிறு. ஆஸ்பத்திரிக்குப் போய்விடலாம் என்று பேச்சி நச்சரித்தாள். பச்சை உடம்புக்காரி, அழுதுகூடப் பார்த்தாள்.

பெண்டாட்டியை உட்காரவைத்து டியூஷன் போர்டில் பாடமே எடுத்துவிட்டான். மஞ்சளைக் கரைக்கிற ஆஸ்பத்திரி விளக்கில் வருவதும் இந்த ஃபோட்டான்தான், வெயிலில் வருவதும் இதேதான். ஆற்றலில் இம்மி வித்தியாசம் கிடையாது. காலை வெயிலில் காட்டினால் போதும்.

பேச்சி பத்தாவதோடு நின்றவள். கணக்கைப் பார்த்தாள். அவனைப் பார்த்தாள். சரியென்று தலையாட்டினாள்.

மொட்டைமாடியில் வைத்துக் காட்டினார்கள். குளிர்ந்த காற்று ஆகாதென்று துணியைச் சுற்றித்தான் காட்டினார்கள்.

பிள்ளை பால் குடிப்பதைக் குறைத்தது. எந்நேரமும் தூங்கியது. சமர்த்து, அழவே மாட்டேன் என்கிறாள் என்று வந்தவர்களிடமெல்லாம் பெருமையடித்துக்கொண்டான்.

அடப்பாவி!

கணக்கில் தப்பில்லை. ஒரு ஃபோட்டானுக்கு எவ்வளவு என்று பார்த்தவன், பிள்ளையின் உடம்பில் எத்தனை விழுகிறது என்று பார்க்கவில்லை. இங்கே விளக்கு இராப்பகலாகக் கொட்டிக்கொண்டே இருந்தது, துணியில்லாத உடம்பில், ஒரு முழ உயரத்திலிருந்து.

ஒளியின் செறிவு கூடினால் ஃபோட்டான்களின் எண்ணிக்கை கூடும். வருஷாவருஷம் பிள்ளைகளை அடிக்கோடு போடச் சொல்கிற வரி. பரீட்சைக்குக் கட்டாயம் வரும் என்பான்.

டாக்டர் திட்டவில்லை. திட்டித் தொலைத்திருக்கலாம். மஞ்சள் இறங்குகிறது என்றார். ஆனால் மூளைவரை போயிருந்தால் முதலில் அடிவாங்குவது காதுதான், பொறுத்துப் பார்ப்போம் என்றார்.

அதை அவன் பேச்சியிடம் சொல்லவில்லை. எந்த வாயால் சொல்வான்?

உள்ளே நர்ஸின் கை பட்டு எவர்சில்வர் தட்டு ஒன்று தரையில் விழுந்தது. கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நின்ற அவனுக்கே தூக்கிவாரிப் போட்டது.

பக்கத்துத் தொட்டில் பிள்ளை இரண்டு கையையும் உதறி விரித்து வீறிட்டது. அதற்கடுத்த பிள்ளையும்.

அவன் தன் மகளின் விரல்களையே பார்த்தான்.

மடங்கினபடியே இருந்தன.

தட்டு இன்னும் தரையில் சுழன்றுகொண்டிருந்தது. நர்ஸ் குனிந்து அதைப் பிடித்து நிறுத்தினாள்.

பெஞ்சில் சாய்ந்திருந்த பேச்சி வயிற்றைப் பிடித்துக்கொண்டு எழுந்து வந்தாள்.

"என்ன சத்தங்க அது? பாப்பா பயந்துட்டாளா?"



"இல்ல. அசந்து தூங்குறா."

பேச்சி கண்ணாடி வழியாகப் பார்த்தாள். அப்புறம் அவனைப் பார்த்தாள்.

சரியென்று தலையாட்டினாள்.