துடைத்த இடம்

“ரத்தம் எடுக்க ஊசி குத்துறதுக்கு முன்னால தோல ஒழுங்கா தொடச்சீங்களா, இல்லையா? உண்மைய மட்டும் சொல்லுங்க மிஸ்ஸி.”

டாக்டர் அலாவுதீன் கேட்டதும் தாதி சலேஹாவின் முகம் வெளுத்தது. ‘இல்லை’ என்று அவள் சொல்லிவிடக் கூடாதா என்று ஏங்கியவர் கேள்வி கேட்ட டாக்டரேதான்.

“தொடச்சேன் டாக்டர். ரெண்டு கையிலயும். காயற வரைக்கும் நின்னுதான் குத்துனேன்.”

கட்டிலில் இருந்தவர் அப்புத்துரை. பினாங்கு கெலுகோர்வாசி, சுங்க இலாகாவில் குமாஸ்தாவாக இருந்து ஓய்வு பெற்றவர். நாலு மாதத்துக்கு முன்புதான் நெஞ்சைத் திறந்து, மாட்டுத் திசுவில் செய்த வால்வு ஒன்றைப் பொருத்தியிருந்தார்கள்.

முட்டை சேர்த்த கேக்கைக்கூடத் தொடாத மனிதர். ‘சுத்த சைவ நெஞ்சுக்குள்ள மாடு பூந்துடுச்சுலா’ என்று பார்த்தவர்களிடமெல்லாம் சொல்லிச் சிரித்துக்கொண்டிருந்தார், இந்தக் காய்ச்சல் வரும்வரை.

டாக்டர் கட்டிலோரம் உட்கார்ந்தார். “அங்கிள், உங்க ரத்தத்த சோதிச்சதுல ஒரு கிருமி வளர்ந்திருக்கு. கோஆகுலேஸ் நெகட்டிவ் ஸ்டாஃபைலோகாக்கஸ்.”

“கிருமின்னா சின்னதுன்னு நெனச்சேன். பேரு பினாங்குப் பாலம் நீளத்துக்கு இருக்கே.”

“எல்லார் தோல்லயும் இருக்கறதுதான். என் கையில, உங்க கையில, ஆண்ட்டி கையில. தோல்மேல இருந்தா சும்மா கெடக்கும். ஒரு புட்டியில மட்டும் வளர்ந்திருந்தா, குத்தும்போது தோல்லேருந்து ஒட்டிக்கிட்டு வந்துச்சுன்னு விட்டிருப்பேன். ஆனா ரெண்டு கையிலேருந்தும் எடுத்தோம், ரெண்டு புட்டியிலயும் அதே கிருமி. தோல நல்லாத் தொடச்சிருந்தாங்கன்னா அப்ப அது ரத்தத்துக்குள்ளதான் இருக்கு. புது வால்வுல போய் உக்காந்திருக்கு.”

“ஸ்கேன்ல ஒண்ணும் இல்லன்னீங்களே டாக்டர்?” அப்புத்துரையின் மனைவி கமலாம்பிகை கேட்டார்.

“தெரியலங்கறதுக்காக இல்லன்னு சொல்ல முடியாது ஆண்ட்டி. தண்ணித் தொட்டியில பாசி படியற மாதிரி படிஞ்சிடும். மருந்து உள்ள எறங்காது. வால்வ எடுத்துட்டு வேற வைக்கணும்.” டாக்டர் கண்ணாடியைக் கழற்றினார். “அதே நெஞ்ச இவ்ளோ சீக்கிரம் மறுபடி திறக்கறது… என்னால உத்தரவாதம் தர முடியாது.”

“போன தடவ மாடு. இந்தத் தடவ குதிரையா வெச்சுடுங்க, ஓடியாவது போயிடறேன்” என்றார் அப்புத்துரை. கையிலிருந்த மைலோ பானத்தைக் குடிக்காமலே கீழே வைத்தார்.

கமலாம்பிகை அவர் காலடிப் போர்வையை இழுத்துவிட்டார். முதல் அறுவை முடிந்து கண்ணாடிக் கதவுக்குள் விட்டபோது, வாயில் குழாயோடு கிடந்தவரின் பாதத்தைத்தான் முதலில் தொட்டார். அந்தச் சில்லிப்பு இன்னும் உள்ளங்கையை விட்டுப் போகவில்லை.

டாக்டர் அவரிடம் திரும்பினார். “நீங்க பக்கத்துலதான இருந்தீங்க ஆண்ட்டி. மிஸ்ஸி தொடச்சாங்களா?”

ஒரே ஒரு பொய் போதும். அறுவை தள்ளிப்போகும். சலேஹாவின் வேலையும் போகும். அவள் தலையைக் குனிந்துகொண்டாள்.

“பாவம் டாக்டர், நல்லாத்தான் தொடச்சது அந்தப் பொண்ணு. நான் ரெண்டு தடவையும் பக்கத்துலயே நின்னேன்.”

“ரொம்ப நல்லாத் தொடச்சாங்க லா” என்று அப்புத்துரையும் சேர்ந்துகொண்டார். “ஊசின்னா எனக்குப் பயம், கண்ண இறுக்கி மூடிக்குவேன். ஆனாலும் தெரியுமே. மொதல்ல சில்லுன்னு தொடச்சாங்க. காஞ்ச பெறகு மெத்துனு இன்னொருக்கா தடவிவிட்டாங்க.”

சலேஹா நிமிர்ந்தாள். காய்ந்த பிறகு அவள் தொட்டதேயில்லை. தன்னைக் காப்பாற்ற இந்த மனிதர் புளுகுகிறார் என்று நினைத்ததும் அவளுக்குக் கண் கலங்கிவிட்டது.

டாக்டர் பெருமூச்சுவிட்டார். “சரி. ஆபரேஷன் தியேட்டருக்குச் சொல்றதுக்கு முன்னால கடைசியா ஒரு தடவ எடுத்துப் பார்த்துடுவோம். நானும் இங்கயே நிக்கறேன். சாமான் எல்லாத்தையும் கட்டில் மேலயே வெச்சுக்குங்க மிஸ்ஸி. தொடச்ச இடத்த விட்டுக் கண்ண எடுக்காதீங்க.”

போன தடவைகளில், தோல் காயும் நேரத்தில் சலேஹா தள்ளுவண்டிப் பக்கம் திரும்பிப் புட்டிகளின் மூடியைத் துடைத்துக்கொண்டிருப்பாள். இன்று எல்லாம் எதிரிலேயே தயாராக இருந்தன. முழங்கை மடிப்பைத் துடைத்துவிட்டு, அதையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

அப்புத்துரை கண்களை இறுக்கிக்கொண்டார்.

“கமலம், இருக்கியா?”

“இருக்கேங்க.”

கமலாம்பிகை கட்டிலைச் சுற்றி வந்து அவர் தோளோரம் நின்றார். சலேஹா திரும்புவாள் என்று பார்த்தார். திரும்பவில்லை. டாக்டரும் அசையவில்லை. கையைச் சேலைத் தலைப்புக்குள்ளேயே மூடி வைத்திருந்தார்.

சலேஹா ஊசியின் உறையைக் கழற்றினாள்.

“கொஞ்சம் அந்தப் பக்கம் திரும்பிக்குங்க மிஸ்ஸி” என்றார் கமலாம்பிகை, கூச்சத்தோடு. “எப்பவும்போல தொடச்ச இடத்துல திருநீறு பூசிடறேன்.”