படகோட்டியின் குரல்

வீடியோ கேமில் அந்தப் படகோட்டிக்குப் பெயர்கூடக் கிடையாது. ஏறியவரை அக்கரையில் இறக்கிவிட்டு, "போயிட்டு வாங்க" என்பான், அவ்வளவுதான். தமிழில் அந்தக் குரல் அருள்தாஸுடையது. இப்போது கேம் டிவி தொடராகிவிட்டது. படகோட்டிக்குப் பெயர், பழைய பகை எல்லாம் கொடுத்திருந்தார்கள். கதாநாயகனை நடு ஆற்றில் பிடித்துத் தள்ளிவிட்டு அவன் சொல்ல வேண்டியது ஒரே சொல்: "போ."

திரையில் படகு ஆடியது. அருள்தாஸ் மைக்கில், "போயிட்டு வா" என்றார்.

"அண்ணே, அவன் கொல்றாண்ணே! வாய் ஒரு தடவதான் அசையுது. வெறும் போ!" கண்ணாடிக்கு அப்பாலிருந்து டப்பிங் டைரக்டர் கத்தினார்.

அருள்தாஸ் தண்ணீர் குடித்தார். செருப்பைக் கழற்றிப் போட்டார். மறுபடியும் வாய் அங்கேயேதான் போனது. பொழுது சாயும் நேரத்தில் ஒருவழியாக "போ" வந்தது. அதைக் கேட்டு அவரே மைக்கை விட்டு ஓரடி தள்ளி நின்றார்.

"இதுதாண்ணே வேணும்!"

வீட்டுக்குள் நுழைந்தபோது மனைவி ஸ்டெல்லா ஆஸ்பத்திரி டியூட்டிக்குக் கிளம்பிக்கொண்டிருந்தாள். வாசலில் திரும்பி, "போயிட்டு வரேங்க" என்றாள்.

பதில் தொண்டைவரை வந்துவிட்டது. எது வந்திருக்கிறதென்று அவருக்குத் தெரியவில்லை. உதட்டை இறுக்கிக்கொண்டு தலையை மட்டும் ஆட்டினார்.

ஸ்டெல்லா நகரவில்லை.

"என்னங்க, வாயத் தொறந்து சொல்லுங்க."