முரியேட் என்றால் என்ன?

எல்லோரும் தபிதாவின் கைகளையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். பஞ்சாலை முதலாளி பிக்கர்டேலைக் கொன்ற பொடியை நிறுத்துக் கொடுத்த கைகள்.

எங்கள் ஊரில் சாவு விசாரணை என்றால் கறுப்புக் காளை மதுக்கடையின் மாடியில்தான். மேசைக்குப் பின்னால் விசாரணை அதிகாரி, சுவரோரம் பன்னிரண்டு ஜூரிகள், படிக்கட்டு வரை நெசவாளிகள். நடுவில் தனியாக நின்றாள் மருந்துக்கடை தபிதா. அப்பா இறந்த பிறகு எட்டு வருஷமாகக் கடையை அவள்தான் நடத்துகிறாள்.

"டாக்டர் பில்லிங் எழுதின சீட்டு இது. சத்தமாப் படிம்மா" என்றார் அதிகாரி.

"பிக்கர்டேலுக்கு. பாதரச முரியேட், பத்து கிரெயின் எடை."

"முரியேட்னா என்ன?"

"மூட்டைப்பூச்சிக்குப் போடுற வெள்ளப் பொடிங்கய்யா. புண்ணு கழுவுற தண்ணியிலயும் துளி கலப்பாங்க. எங்கப்பா புத்தகத்துல அப்படித்தான் இருக்கு. மொதலாளியோட கால் புண்ணுக்குத்தான்னு நெனச்சேன்."

"உள்ளுக்குச் சாப்பிட்டா?"

"குடல் வெந்துரும்."

ஜூரியில் இருந்த கசாப்புக்கடைக்காரர் எரிச்சலோடு கேட்டார்: "ஏம்மா, மூட்டைப்பூச்சிக்கும் மொதலாளிக்கும் வித்தியாசம் தெரியாதா ஒனக்கு?"

"ரெண்டும் ரத்தம் குடிக்கிறதுதான? அவ என்ன பண்ணுவா?" என்றது படிக்கட்டிலிருந்து ஒரு குரல். சிரிப்பு கிளம்பியது. அதிகாரி மேசையைத் தட்டினார்.

"டாக்டருக்கு வேண்டியிருந்தது கலோமல். வயித்தச் சுத்தம் பண்ற மருந்து. அதுவும் பாதரசம்தான், அதுவும் வெள்ளதான். ஆனா ஆளக் கொல்லாது. இதுக்கு முன்னாடி அத எப்படி எழுதிக் கேப்பார்?"

"கலோமல்னுதான் எழுதுவார். முரியேட்னு எழுதினது இதான் மொதல் தடவ."

"அப்போ அன்னிக்கு மட்டும் ஏன் இப்படின்னு ஒரு வார்த்த கேட்டிருக்க வேணாமா நீ?"

தபிதா கையிலிருந்த சீட்டை மடித்து மேசையில் வைத்தாள்.

அதிகாரி குரலைத் தாழ்த்தினார். "போன வருஷம் ஆலைத் தீயில செத்த பதினோரு பொண்ணுங்கள்ல ஒன் தங்கச்சியும் ஒருத்தி. கதவ வெளிய பூட்டச் சொன்னது பிக்கர்டேல்தான்னு சந்தையில நின்னு கத்தினியாமே?"

"கத்தினேன்யா."

அந்தப் பதினோரு பேருக்கும் விசாரணை நடந்தது இதே இடத்தில்தான். 'விபத்து' என்று எழுதிக் கையெழுத்திட்டதும் இதே அதிகாரிதான். இன்று தபிதாவைச் சிறைக்கு அனுப்பிவிடுவார்கள் என்றே எல்லோருக்கும் தோன்றியது.

டாக்டர் பில்லிங் கைத்தடியை ஊன்றி எழுந்தார். எழுபது வயது. எங்களில் பாதிப் பேர் அவர் கையில் பிறந்தவர்கள்.

"அவள விடுங்கய்யா. முரியேட்ங்கிறது செத்துப்போன வார்த்த. புது மருந்து நூல்ல அந்தப் பேரையே எடுத்துட்டாங்க. நான் படிச்ச காலத்துல ஒரு வாத்தியார் அதையே விஷத்துக்குச் சொல்வார், இன்னொருத்தர் கலோமலுக்குச் சொல்வார். கெழவன் கை, பழைய பேர எழுதிருச்சு. பொட்டலத்தப் பிரிச்சுத் தண்ணியில கரைச்சுக் குடுத்ததும் நான்தான். தப்புன்னா அது என்னோட தப்பு."

ஜூரிகள் கால் மணி நேரம் முணுமுணுத்தார்கள். ஒரு பழைய சொல்லால் நேர்ந்த விபத்து என்று தீர்ப்பு வந்தது. இனி மருந்துச் சீட்டு எழுத வேண்டாம் என்று அதிகாரி டாக்டரிடம் சொன்னார். அவர் தலையசைத்துத் தொப்பியை எடுத்துக்கொண்டார்.

பிற்பகலில் அவர் மருந்துக்கடைக்குப் போனார். கதவு சாத்தியிருந்தது. தள்ளிக்கொண்டு உள்ளே நுழைந்தவர் அங்கேயே நின்றுவிட்டார். மேசையில் ஒரு தம்ளர் தண்ணீர் இருந்தது. பக்கத்தில் மூடி திறந்த வெள்ளைப் பொடி ஜாடி. தபிதா இரண்டையும் பார்த்தபடி உட்கார்ந்திருந்தாள்.

"தீர்ப்புதான் வந்துருச்சேம்மா."

"தீர்ப்பு கெடக்கட்டும் டாக்டரய்யா. ஏன் கேக்கலன்னு அவர் கேட்டாரே, அதுக்கு எங்கிட்ட பதில் இல்ல. சீட்டுல அந்தாளு பேரப் பாத்ததும் தங்கச்சி நான்சி ஞாபகம் வந்துச்சு. வேணும்னேதான் கேக்காம விட்டேனா? இல்ல, அப்பா சொல்லிக் குடுத்த வார்த்தையத் தப்பாப் படிச்சுட்டேனா? எப்படிப் பாத்தாலும் ஒரு மனுஷன நான் கொன்னுட்டேன்."

டாக்டர் ஜாடியை மூடித் தன் கோட்டுப் பையில் போட்டுக்கொண்டார். தம்ளரை எடுத்துத் தண்ணீரை வாசலில் கொட்டினார். திரும்பி வந்து அவளுக்கு எதிரே உட்கார்ந்தார்.

"தீ அணைஞ்சதும் அந்தப் பதினோரு பேரையும் வரிசையாப் படுக்க வச்சு, யார் யாருன்னு என்னத்தான் சொல்லச் சொன்னாங்க. நான்சிக்குப் பொறக்கும்போதே ரெண்டு கால்விரல் ஒட்டியிருந்துச்சு. அத வச்சுத்தான் கண்டுபிடிச்சேன்."

தபிதா முகத்தை மூடிக்கொண்டாள். அவர் அவள் கைகளை மெல்ல விலக்கித் தன் கைகளுக்குள் வைத்துக்கொண்டார்.

"நீ தப்பாப் படிக்கலம்மா. நான் கேட்டதத்தான் குடுத்த."