முதல் தரம்

நான் கொடுத்த பொட்டலத்தை மேசையில் கொட்டி, இரண்டு விரலால் கிளறினார் தொழிற்சாலையின் கொள்முதல் அதிகாரி.

"இதெல்லாம் ஒரு கடல்பாசியாம்மா? ஒரே மண்ணு. நிறமும் செத்துப் போச்சு. இதைக் காய்ச்சினா ஜெல்லி எப்படி உறையும்?"

"மூணாவது தடவையா திருப்பி அனுப்புறீங்க, சார். இடுப்பளவு தண்ணியில நின்னு, பாறையில கை கிழிஞ்சு பறிச்சுட்டு வரோம்."

"அதுக்காகக் குப்பையை வாங்க முடியுமா?"

"அப்ப குப்பைன்னு எழுதிக் குடுங்க." பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னேன்.

'மூன்றாம் தரம். வாங்கத் தகுதியற்றது' என்று எழுதி, கையெழுத்துப் போட்டுச் சீட்டை விட்டெறிந்தார்.

அதை மடித்து இடுப்பில் செருகிக்கொண்டேன். பிறகு பையிலிருந்து ஒரு காலி உறையை எடுத்து அவர் முன்னால் வைத்தேன். அதில் கம்பெனி முத்திரை. 'முதல் தரம்' என்ற எழுத்து. கீழே அதே கையெழுத்து.

"பாசின்னா இப்படி இருக்கணும்னு போன வாரம் நீங்களே குடுத்த சாம்பிள்தான் சார், இப்ப மேசையில கெடக்கறது. இன்னிக்குக் காலையிலதான் முத்திரையைப் பிரிச்சேன்."

அவர் உறையை எடுத்துத் தன் கையெழுத்தை உற்றுப் பார்த்தார்.

"எங்க பாசி இன்னும் வண்டியிலயே இருக்கு. வாங்க, இப்பவாவது கண்ணைத் தொறந்து பாருங்க."